இசைத்தட்டின் மூலபாடம்: உயர்பிரிதிறன் மீள்பதிப்புகள் பற்றிய ஒரு நோக்கு

பழைய நூலொன்றின் மறுபதிப்பு வெளிவருமிடத்து, அது எச்சுவடியை ஆதாரமாகக் கொண்டது, பதிப்பாசிரியர் எவற்றைத் திருத்தினார், எவற்றை உள்ளவாறே விடுத்தார் என்ற வினாக்களை எழுப்புவது தமிழ் மாணவருக்குப் பழக்கமான செயலாகும். இசைத்தட்டின் மறுபதிப்புத் தொடர்பாக அதே வினாக்கள் எழுப்பப்படுவது அரிது. அங்கு பெரும்பாலும் கேட்கப்படுவது ஒன்றே: எத்தனை பிட், எத்தனை கிலோஹேர்ட்ஸ்? கடந்த கால் நூற்றாண்டுக் காலமாக, மேனாட்டு இசையுலகிற் புகழ்பெற்ற தொகுப்புகள் பல ‘உயர்பிரிதிறன்’ என்னும் அடைமொழியுடன் மீண்டும் மீண்டும் வெளியிடப்பட்டு வருகின்றன. அவை பற்றிய விளம்பரமும் உரையாடலும் எண்களைச் சுற்றியே அமைகின்றன. எண் பெரிதாயின் இசை மூலத்துக்கு அணித்தாகும் என்ற நம்பிக்கை கேட்போரிடையே வேரூன்றியுள்ளது. இந்நம்பிக்கை எவ்வளவு தூரம் பொருத்தமுடையது, இத்தகைய பதிப்புகளை எவ்வாறு கேட்டல் தகும் என்பவற்றைச் சில தொகுப்புகளை முன்வைத்து ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1

முதற்கண் சில சொற்களைத் தெளிவுபடுத்திக் கொள்ளல் அவசியம். ஒலிப்பதிவுக் கூடத்திற் கலைஞர் வாசித்தவை காந்தநாடாவிற் பல தடங்களாகப் பதிவாகின்றன. அத்தடங்களை உரிய அளவிற் சேர்த்து இரு தடங்களாகவோ ஒரு தடமாகவோ ஆக்குவது கலவை. கலந்த நாடாவிலிருந்து, ஒலியின் உரப்பையும் நிறத்தையும் சீர்செய்து, தட்டில் ஏற்றுதற்குரிய இறுதிப் படியை உருவாக்குவது செம்மையாக்கம். பழைய நாடாவை எடுத்து இவ்விறுதிப் பணியை மட்டும் புதிதாகச் செய்வதே ‘றீமாஸ்ரர்’ எனப்படும் மீள்செம்மை. தனித்தனித் தடங்களுக்கே திரும்பிச் சென்று கலவையைப் புதிதாக அமைப்பது மீள்கலவை. முன்னையது பழைய ஓவியத்தின் தூசி துடைப்பது போன்றது. பின்னையது அதே வண்ணங்களைக் கொண்டு ஓவியத்தை மீண்டும் தீட்டுவது போன்றது. விற்பனையிடத்தில் இவ்விரண்டும் ஒரே மூச்சிற் பேசப்படுவதால், எதனை வாங்குகிறோம் என்பது வாங்குவோருக்கே தெரியாது போகிறது.

அடுத்து எண்கள். சோனி, பிலிப்ஸ் ஆகிய நிறுவனங்கள் 1980இல் வகுத்த இறுவட்டு நியமத்தின்படி, ஒலியலை செக்கனுக்கு 44,100 தடவை அளக்கப்பட்டு, ஒவ்வோர் அளவும் 16 பிட்டாற் குறிக்கப்படும். 1982 ஒக்ரோபரில் யப்பானில் இறுவட்டு விற்பனைக்கு வந்தது. இவ்வளவுகளை விஞ்சியவையே உயர்பிரிதிறன் எனப் பெயர்பெறுகின்றன. 24 பிட், 96 கிலோஹேர்ட்ஸ் என்பதும், 24 பிட், 192 கிலோஹேர்ட்ஸ் என்பதும் இன்று பெருவழக்கானவை. இறுவட்டில் ஒரு செக்கன் இசைக்கு 14 இலட்சத்து 11 ஆயிரத்து 200 பிட் செலவாக, இறுதியிற் கூறிய அளவில் 92 இலட்சத்து 16 ஆயிரம் பிட் செலவாகிறது. நாற்பத்தைந்து நிமிட இசைத்தொகுப்பொன்று, சுருக்கப்படாத நிலையில், இறுவட்டு நியமத்தில் ஏறத்தாழ 480 மெகாபைட் இடத்தையும், மற்றையதில் மூன்று கிகாபைட்டுக்கு மேற்பட்ட இடத்தையும் பிடிக்கும். ஆறரை மடங்கு பெருகிய இவ்வெண்ணிக்கை ஆறரை மடங்கு உண்மையைத் தருகிறதா என்பதே வினா.

2

இவ்வினாவுக்கு விடை காண்பதற்கு மைல்ஸ் டேவிஸின் ‘கைண்ட் ஒவ் புளூ’ மிகவும் பயன்படும். ஜாஸ் இசையின் வரலாற்றில் இத்தொகுப்புப் பெறும் இடத்தை விரித்துரைக்க வேண்டியதில்லை. அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் 2002இல் தனது தேசிய ஒலிப்பதிவுப் பதிவேட்டுக்கு முதன்முறையாகத் தெரிந்தெடுத்த பதிவுகளுள் இதுவும் ஒன்று. நியூயோர்க்கில், முன்னர் தேவாலயமாக இருந்த கட்டடமொன்றில் அமைந்த கொலம்பியா நிறுவனத்தின் முப்பதாம் வீதிக் கூடத்தில், 1959ஆம் ஆண்டு மார்ச் 2ஆந் திகதியும் ஏப்ரில் 22ஆந் திகதியும் இது பதிவு செய்யப்பட்டது. டேவிஸுடன் ஜோன் கொல்ற்றேன், கனன்போல் அடேர்லி, பில் எவன்ஸ், போல் சேம்பேர்ஸ், ஜிமி கொப் ஆகியோர் வாசித்தனர். ஒரு பாடலில் மாத்திரம் எவன்ஸின் இடத்தில் வின்ரன் கெலி பியானோ வாசித்தார். அவ்வாண்டு ஓகஸ்ற் மாதத்தில் இசைத்தட்டு வெளியாயிற்று.

முதல் நாளில் மூன்று பாடல்கள் பதிவாயின. இசைத்தட்டின் முதற்பக்கம் முழுவதும் அம்மூன்றுமே. அன்று ஓடிய பிரதான ஒலிப்பதிவுப் பொறி உரிய வேகத்தினும் சற்று மெதுவாக ஓடியது. மெதுவாக ஓடிய நாடாவிற் பதிந்த இசை, சரியான வேகத்தில் ஓடும் பொறியிற் போடப்படும்போது விரைவாகவும் உயர்ந்த சுருதியிலும் ஒலிக்கும். அவ்வாறே, வெளியான தட்டின் முதற்பக்கம் கலைஞர் வாசித்த சுருதியினும் சற்று உயர்ந்து ஒலித்தது. கூடத்தில் பாதுகாப்பின் பொருட்டு இரண்டாவது பொறியொன்றும் ஓடிக்கொண்டிருந்தது. அதன் வேகம் சரியாக இருந்தது. அந்த இரண்டாவது நாடா பயன்படுத்தப்பட்டுப் பிழை திருத்தப்பட்டது 1992ஆம் ஆண்டு மறுபதிப்பிலேயாகும். இடைப்பட்ட முப்பத்துமூன்று ஆண்டுகளில் வெளிவந்த தட்டுகளும், ஒலிநாடாக்களும், முதல் இறுவட்டுகளும் பிழையான சுருதியையே சுமந்து சென்றன.

இதன் விளைவு சிறிதன்று. ஜாஸ் மாணவன் ஒருவனுக்கு இசைத்தட்டே ஏடு; அதுவே ஆசான். தட்டை ஓடவிட்டு அதனோடு சேர்ந்து வாசித்தே ஒரு பரம்பரை பயின்றது. எக்காளத்தின் சுருதியைச் சற்று மாற்றிக்கொள்ளலாம். பியானோவின் சுருதியை நினைத்தவுடன் மாற்ற இயலாது. அம்முதற்பக்கத்தோடு பியானோவிற் சேர்ந்து வாசிக்க முயன்றவன் தன் செவியையோ தன் வாத்தியத்தையோ ஐயுற்றிருப்பானேயன்றி, உலகம் போற்றும் இசைத்தட்டை ஐயுற்றிருக்க நியாயமில்லை.

ஈண்டு மனங்கொள்ளத்தக்கது ஒன்றுண்டு. 1992ஆம் ஆண்டுப் பதிப்பு 16 பிட், 44.1 கிலோஹேர்ட்ஸ் கொண்ட சாதாரண இறுவட்டே. பிழையான நாடாவை இன்றைய மிகச்சிறந்த பொறியில் இட்டு 192 கிலோஹேர்ட்ஸில் அளந்தாலும், கிடைப்பது பிழையின் மிகத் துல்லியமான படியாகவே இருக்கும். மூலநாடாவைத் தேர்ந்தெடுப்பதிற் காட்டப்பட்ட கவனம், எண்ணைப் பெருக்குவதால் எய்த முடியாத ஒன்றை எய்தியது. இத்தொகுப்பு பின்னர் 192 கிலோஹேர்ட்ஸ் வடிவிலும் விற்பனைக்கு வந்துள்ளது. அதன் சிறப்பும் அது எந்நாடாவிலிருந்து, எவ்வேகத்தில் எடுக்கப்பட்டது என்பதிலேயே முதலில் தங்கியுள்ளது. 192 என்பது அதன் பின்னரே கருதப்பட வேண்டியது. ஏட்டுச்சுவடியின் பாடம் பிழையாயின், அதனைப் பளபளப்பான தாளில் அச்சிடுவதாற் பாடம் திருந்திவிடாது.

3

பிழை வேறு, பாடபேதம் வேறு. டேவிஸின் தட்டில் நேர்ந்த வேக மாற்றம் எவரும் விரும்பிச் செய்ததன்று. ஏடெழுதுவோர் கைப்பிழையை ஒத்தது. ஆகவே அதனைத் திருத்துவதில் தடை கூற இடமில்லை. ஆயின் ஒரே இசைத்தொகுப்பு ஆக்கியோர் காலத்திலேயே இரு வடிவங்களில் வெளிவந்திருந்தால் யாது செய்வது?

பீற்றில்ஸ் குழுவினரின் ‘சார்ஜன்ற் பெப்பர்ஸ் லோன்லி ஹார்ட்ஸ் கிளப் பான்ட்’ 1967இல் மொனோ, ஸ்டீரியோ என்னும் இரு கலவைகளாக வெளிவந்தது. அக்காலப் பிரித்தானிய இல்லங்களில் மொனோவே பெருவழக்கு. எனவே குழுவினர் தம் நேரத்தையும் கவனத்தையும் மொனோக் கலவைக்கே செலுத்தினர். ஸ்டீரியோக் கலவை பின்னர், அவர்கள் உடனிராத வேளையில், விரைந்து செய்யப்பட்டது. இரண்டுக்குமிடையே வேறுபாடுகள் பல. ‘ஷீ’ஸ் லீவிங் ஹோம்’ என்னும் பாடல் மொனோவில் விரைவாகவும் உயர்ந்த சுருதியிலும் அமைய, ஸ்டீரியோவில் மெதுவாகவும் தாழ்ந்தும் அமைந்தது. இங்கு வேகம் பொறியின் பழுதால் விளைந்ததன்று; ஆக்கியோர் தாமே தெரிந்து அமைத்தது. ஆயினும் இறுவட்டுக் காலத்தில் உலகெங்கும் வழங்கியது ஸ்டீரியோ வடிவமே. ஆக்கியோர் உடனிருந்து அமைத்த வடிவம் அருகிப்போக, அவர்கள் உடனிராத வடிவம் ‘மூலம்’ என்ற தகுதியைப் பெற்றது.

2009 செப்ரெம்பரில் இவ்விரு வடிவங்களும் மீள்செம்மை செய்யப்பட்டு வெளியாயின. ஸ்டீரியோப் பதிப்பில் உரப்பு மட்டாக உயர்த்தப்பட்டது. மொனோப் பதிப்பு அவ்வாறு செய்யப்படாமல் விடப்பட்டது. 2017இல், ஐம்பதாம் ஆண்டு நிறைவையொட்டி, மூலத் தயாரிப்பாளர் ஜோர்ஜ் மார்ட்டினின் மைந்தர் ஜைல்ஸ் மார்ட்டின் புதிய ஸ்டீரியோக் கலவையொன்றை அமைத்தார். நான்கு தடங்களே இருந்த அக்காலத்தில், இடம் போதாமையால் தடங்கள் ஒன்றாக்கப்பட்டு வேறு நாடாவுக்கு மாற்றப்பட்டன. ஒவ்வொரு மாற்றத்திலும் ஒலி சிறிது தேய்ந்தது. புதிய கலவை, அவ்வாறு ஒன்றாக்கப்படுமுன் இருந்த முதல் நாடாக்களுக்குத் திரும்பிச் சென்றது. முற்கூறிய பாடலின் வேகத்தில் மொனோ வடிவத்தைப் பின்பற்றியது. 24 பிட், 96 கிலோஹேர்ட்ஸ் வடிவில் இது கிடைக்கிறது.

இதனை மீட்டெடுத்த மூலம் என்பதா, புதிய ஆக்கம் என்பதா? நுணுகி நோக்குமிடத்து இரண்டும் அன்று. இது ஓர் உரை. நல்ல உரையாசிரியர் மூலத்தின் உட்கிடையை உணர்ந்து, தம் காலத்தவர்க்கு விளங்குமாறு விரித்துரைப்பது போல, இக்கலவையும் 1967ஆம் ஆண்டு மொனோவின் உட்கிடையை இன்றைய ஸ்டீரியோக் கேள்விக்கு ஏற்ப விரித்துரைக்கிறது. உரை என்ற அளவில் அது போற்றத்தக்கது. உரையே மூலத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்ளுமாயின், அது கவலைக்குரியது. மாதக் கட்டணத்துக்கு இசை வழங்கும் இணையச் சேவைகளிற் பல சமயங்களில் புதிய பதிப்பே முன்வைக்கப்பட, முந்திய பதிப்புகள் பின்தள்ளப்படுகின்றன. சில நீக்கப்பட்டும் விடுகின்றன. சொந்தமாக இசைத்தட்டு வைத்திருந்தவனின் அலமாரியிலிருந்து எவரும் பழைய பதிப்பை எடுத்துச் சென்றதில்லை.

4

பிழையும் பாடபேதமும் போக, மூன்றாவதாக ஒன்றுண்டு. அது இடைச்செருகல். 1990களின் நடுப்பகுதி தொடக்கம் இசைத்தட்டு உற்பத்தியிற் பரவிய உரப்புப் போட்டியை இவ்வகையில் அடக்கலாம். மெல்லொலிகளை உயர்த்தி, வல்லொலிகளை நெரித்து, முழுவதையும் ஒரே உரப்பில் ஒலிக்கச் செய்யும் முறை அது. செவியின் இயல்பே இதற்கு இடங்கொடுத்தது. ஒலி உரப்பாகுமிடத்து அதன் தாழ்சுரங்களும் உச்சசுரங்களும் நிறைவாகக் கேட்கும் என்பதை 1933இல் பிளெச்சர், மன்சன் ஆகிய இருவரும் அளந்து காட்டினர். ஒரே இசையின் இரு படிகளுள் சற்று உரத்ததையே செவி ‘சிறந்தது’ எனத் தேர்ந்தெடுக்கும். இவ்வியல்பு விற்பனைக்குத் துணைசெய்ய, இசையின் ஏற்ற இறக்கம் பலியாயிற்று. பழைய தொகுப்புகளின் மீள்செம்மைகளும் இப்போட்டியிற் சிக்கின.

ஆக்கியோனே பதிப்பாசிரியனாவது இதற்கு மாற்றாகும் எனவும் கூறமுடியாது. இகி பொப்பும் அவரது ஸ்டூஜஸ் குழுவும் 1973இல் வெளியிட்ட ‘றோ பவர்’ தொகுப்பின் கலவையைப் பெரும்பாலும் டேவிட் போவி செய்தார். 1997இல் இகி பொப் தாமே அதனை மீள்கலவை செய்தார். அப்பதிப்பு, நெரிக்கப்பட்ட உரப்புக்கு எடுத்துக்காட்டாகப் பேசப்படுமளவிற்கு உரத்திருந்தது. 2010இல் போவியின் கலவை மீண்டும் வெளியிடப்பட்டது. இரண்டும் கிடைப்பதனாலேயே கேட்போர் ஒப்பிட்டு முடிவு செய்ய முடிகிறது. ஒன்று மட்டும் எஞ்சியிருப்பின் அம்முடிவு அவர்களுக்காக வேறெவராலோ எடுக்கப்பட்டிருக்கும்.

உரப்பால் நெரிக்கப்பட்ட பதிப்பும் 24 பிட், 192 கிலோஹேர்ட்ஸ் என்ற பெயருடன் விற்கப்படலாம். அப்பெயர் பொய்யாகாது. எழுத்து தெளிவாக அச்சிடப்பட்டுள்ளது என்பதற்கு மட்டுமே அந்த எண் சான்று பகர்கிறது; அச்சிடப்பட்ட பாடம் யாருடையது என்பதற்கு அது சான்றாகாது.

5

இனி எண்ணின் உண்மையான பயனை நோக்குவோம். ஓரலையின் மிக உயர்ந்த அதிர்வெண்ணின் இருமடங்குக்கு மேற்பட்ட தடவை அதனை அளந்தால், அவ்வளவுகளிலிருந்து அலையை முழுமையாக மீட்கலாம் என்பதைக் குளோட் ஷனன் 1949இல் வெளியிட்ட கட்டுரையில் நிறுவினார். இளஞ்செவிக்கும் ஏறத்தாழ 20 கிலோஹேர்ட்ஸுக்கு மேல் எதுவும் கேளாது. வயது ஏற அவ்வெல்லை தாழும். ஆகவே 44.1 கிலோஹேர்ட்ஸ் மானிடச் செவியின் எல்லையை ஏற்கெனவே அடக்கிவிடுகிறது. படிக்கட்டுப் போன்ற அலையை 192 கிலோஹேர்ட்ஸ் வழவழப்பாக்குகிறது எனக் காட்டும் விளம்பரப் படங்கள் இத்தேற்றத்தை அறியாதோர்க்கே பொருந்தும். பிட்டைப் பொறுத்தவரையில், ஒவ்வொரு பிட்டும் ஏறத்தாழ 6 டெசிபெல் வீச்சைத் தருகிறது. 16 பிட் 96 டெசிபெல் அளவையும், 24 பிட் கோட்பாட்டளவில் 144 டெசிபெல் அளவையும் குறிக்கும். 1950களின் காந்தநாடா 70 டெசிபெல் அளவை எட்டுவதே அரிது. அதற்குக் கீழ் எஞ்சியிருப்பது நாடாவின் இரைச்சலே. 24 பிட் அவ்விரைச்சலை மிக நுணுக்கமாகப் பேணுகிறது.

செவிச் சோதனைகளும் இதனோடு பெரிதும் ஒத்துப்போகின்றன. மேயர், மொறன் ஆகிய இருவர் 2007இல் வெளியிட்ட ஆய்வில், உயர்பிரிதிறன் ஒலியும், அதே ஒலி இறுவட்டு அளவிற் குறைக்கப்பட்ட நிலையும் 554 தடவை ஒப்பிடப்பட்டன. சரியான விடைகள் ஏறத்தாழ பாதி. காசைச் சுண்டினாலும் அதுவே கிடைத்திருக்கும். அவர்கள் பயன்படுத்திய தட்டுகளிற் சில உண்மையான உயர்பிரிதிறன் மூலத்திலிருந்து வராதவை என்ற மறுப்புப் பின்னர் எழுந்தது. 2016இல் ஜோஷுவா றைஸ், 12,000க்கும் மேற்பட்ட ஒப்பீடுகளைக் கொண்ட பதினெட்டுச் சோதனைகளைத் தொகுத்து நோக்கினார். சரியான விடைகள் நூற்றுக்கு 52.3 என்றும், பயிற்சி பெற்றோரிடையே அது 60 அளவில் உயர்கிறது என்றும் கண்டார். வேறுபாடு அறவே இல்லை என்பது எவ்வாறு மிகையோ, அதனை எவரும் உடனே உணரலாம் என்பதும் அவ்வாறே மிகையாகும்.

மேயரும் மொறனும் கூறிய இன்னொரு செய்தி இதனினும் முக்கியமானது. உயர்பிரிதிறன் தட்டுகள் பல, அதே இசையின் சாதாரண இறுவட்டுகளைக் காட்டிலும் நன்றாக ஒலித்தன என்பதை அவர்கள் மறுக்கவில்லை. செவிகூர்ந்து கேட்கும் சிறு கூட்டத்துக்கென ஆக்கப்பட்டமையால், அவற்றின் செம்மையாக்கத்தில் அதிக கவனம் செலுத்தப்பட்டிருந்தது என்பதே அவர்கள் கண்ட காரணம். கவனத்தின் பயனை எண்ணின் பயன் எனக் கேட்போர் கொண்டனர்.

செவி பெயரைப் பின்தொடரும் என்பதற்கு 2022 யூலையில் வெளியான செய்தியொன்று தக்க சான்று. மோபைல் பிடெலிற்றி சவுண்ட் லாப் என்னும் அமெரிக்க நிறுவனத்தின் விலையுயர்ந்த மறுபதிப்புத் தட்டுகள், இலக்கமுறையின் சாயல் சிறிதும் படியாதவை எனப் பல சுவைஞர் நம்பியிருந்தனர். அவற்றுட் பலவற்றின் தயாரிப்பில் இலக்கமுறைப் படியொன்று ஆண்டுக்கணக்காக இடம்பெற்று வந்தமை அப்போது தெரியவந்தது. அத்தட்டுகளின் தூய ஒலியைப் போற்றியோர் இச்செய்தி வரும்வரை அதனைச் செவியால் அறிந்திலர். தட்டுகள் நன்றாகவே ஒலித்தன என்பதில் ஐயமில்லை. கேட்டது செவி, தீர்ப்பளித்தது உறையிலிருந்த எழுத்து.

அவ்வாறாயின் உயர்பிரிதிறன் பயனற்றதா எனின், அன்று. அதன் உண்மையான இடம் கேட்போர் கூடமன்று, ஆவணக் காப்பகம். காந்தநாடா நிலையான பொருளன்று. 1970களிலும் 80களிலும் உற்பத்தியான நாடா வகைகள் சிலவற்றின் பசை ஈரத்தை உறிஞ்சி இளகிவிடுவதால், அவற்றை மணிக்கணக்காகச் சூடேற்றி உலர்த்திய பின்னரே ஒருசில தடவை ஓட்ட முடிகிறது. 2008 யூனில் கலிபோர்னியாவில் யூனிவேர்சல் வளாகத்தில் நிகழ்ந்த தீவிபத்தில் மூலநாடாக்கள் பெருந்தொகையாக அழிந்தன என 2019இல் நியூயோர்க் ரைம்ஸ் வெளிப்படுத்தியது. அழிவின் அளவு மிகைப்படுத்தப்பட்டது என நிறுவனம் மறுத்துரைத்தது. அளவு எதுவாயினும், நாடா அழிந்தபின் எஞ்சுவது அதிலிருந்து எடுக்கப்பட்ட படியே. இனியொரு முறை அளக்க முடியாத நாடாவை அளப்பவர், எதிர்காலத் திருத்தங்களுக்கும் இடம்விட்டு அளத்தல் வேண்டும். ஒலி ஆவணக் காப்பகங்களின் சர்வதேசச் சங்கம் 24 பிட், 48 கிலோஹேர்ட்ஸ் என்பதைக் குறைந்தபட்ச அளவாக விதந்துரைப்பதும் இதுபற்றியே. கேட்போனுக்கு மிகையான எண், காப்பாளனுக்குக் கடமையாகிறது.

6

இதுகாறும் கூறியவற்றைக் கொண்டு, இப்பதிப்புகளைக் கேட்கும் முறை பற்றிச் சில கூறலாம். உயர்பிரிதிறன் கோப்பை வாங்கியோர் பலர் அதனைத் தாம் உண்மையிற் கேட்கவில்லை என்பதை அறியார். கணினியும் கைத்தொலைபேசியும் பெரும்பாலும் எல்லா ஒலிகளையும் ஒன்றுசேர்த்து, 48 கிலோஹேர்ட்ஸ் போன்ற ஒரே அளவுக்கு மாற்றியே வெளிவிடுகின்றன. கோப்பை மாற்றமின்றி அனுப்ப வேண்டுமெனின், இசைக்கும் மென்பொருள் ஒலிக்கருவியைத் தனக்கே உரியதாக எடுத்துக்கொள்ளும் அமைப்பைத் தெரிவு செய்தல் வேண்டும். அப்பிள் நிறுவனம் 2021 யூனில் உயர்பிரிதிறன் இசையை மேலதிகக் கட்டணமின்றி வழங்கத் தொடங்கியபோது, 48 கிலோஹேர்ட்ஸுக்கு மேற்பட்டதைக் கேட்பதற்கு வெளியே இணைக்கும் மாற்றி தேவை எனத் தானே அறிவித்தது. கம்பியில்லாப் புளூரூத் ஹெட்போன்கள் பெரும்பாலும் ஒலியின் ஒரு பகுதியைக் கழித்துச் சுருக்கியே அனுப்புகின்றன. அவ்வழியே 192 கிலோஹேர்ட்ஸ் கோப்பைக் கேட்பது, பட்டுப்புடைவையைச் சாக்கினுட் கட்டி அனுப்புவதற்கு ஒப்பாகும்.

செவிக்கு எட்டாத உயரதிர்வுகளை அனுப்புவது எப்போதும் நன்மையே பயக்கும் எனவும் கொள்ளலாகாது. அம்பிளிபயரும் ஸ்பீக்கரும் அவற்றைச் செம்மையாகக் கையாள இயலாவிடின், அவை தம்முட் கலந்து செவிக்கு எட்டும் எல்லையிற் புதிய ஓசைகளைத் தோற்றுவிக்கும். மேலும், ஸ்பீக்கரும் அது வைக்கப்பட்ட அறையும் ஒலியில் ஏற்படுத்தும் மாற்றம், 44.1க்கும் 192க்கும் இடையிலான வேறுபாட்டினும் பன்மடங்கு பெரிது. செலவிடத்தக்க பணம் சிறிதாயின் அது முதலில் நல்ல ஹெட்போனுக்கோ ஸ்பீக்கருக்கோ செல்லுதல் தகும். ஸ்பீக்கர்களைச் சுவர் மூலையினின்று அகற்றி, கேட்போனும் அவையிரண்டும் சமபக்க முக்கோணமாக அமையுமாறு வைப்பதற்குப் பணம் எதுவும் வேண்டியதில்லை.

இரு பதிப்புகளை ஒப்பிட விழைவோர் அவற்றின் உரப்பை முதலிற் சமப்படுத்தல் வேண்டும். இன்றேல் உரத்தது வெல்லும். எண்ணின் பயனை மட்டும் சோதிக்க விரும்பின், வெவ்வேறு பதிப்புகளை ஒப்பிடுதல் தவறு. 192 கிலோஹேர்ட்ஸ் கோப்பிலிருந்தே 16 பிட், 44.1 கிலோஹேர்ட்ஸ் படியொன்றை ஆக்கி, எது எதுவென அறியாத நிலையிற் பலமுறை கேட்டல் வேண்டும். இலவசமாகக் கிடைக்கும் ஓடாசிற்றி போன்ற மென்பொருளால் இதனைச் செய்யலாம். கோப்பின் அதிர்வெண் வரைபடத்தையும் அதிற் காணலாம். 192 எனப் பெயரிட்ட கோப்பில் 22 கிலோஹேர்ட்ஸுக்கு மேல் வெறுமையே தென்படின், அது இறுவட்டு அளவிலிருந்து ஊதிப் பெருப்பிக்கப்பட்டது என ஐயுற இடமுண்டு. சேமித்து வைப்பதற்கு, 2001 முதல் வழங்கிவரும் ஃபிளாக் போன்ற, ஒலியில் எதனையும் இழக்காத, எவருக்கும் உரிமை செலுத்தத் தேவையற்ற வடிவமே பொருத்தமானது. தனியொரு நிறுவனத்தின் உரிமையாயிருந்த எம்.கியூ.ஏ. என்னும் வடிவம், அந்நிறுவனம் 2023இல் நிதி நெருக்கடிக்குள்ளாகி நிருவாகிகளின் பொறுப்பிற்குச் சென்றபோது எந்நிலையை அடைந்தது என்பது இதற்கு எச்சரிக்கையாகும்.

இவற்றுக்கெல்லாம் மேலாக ஒன்று வலியுறுத்தற்பாலது. எண்ணை அளவுகோலாக்கும் பேச்சு, விலையுயர்ந்த கருவியும் கோப்பும் இல்லாதவன் இசையை உண்மையிற் கேட்டவனல்லன் என்ற தாழ்வுணர்வை மறைமுகமாக விதைக்கிறது. ஒரே ஆக்கத்தைத் தட்டாகவும், நாடாவாகவும், இறுவட்டாகவும், கோப்பாகவும் அதே கேட்போனுக்கே மீண்டும் மீண்டும் விற்கும் வணிகத்துக்கு அத்தாழ்வுணர்வு இன்றியமையாதது. உண்மை நிலை வேறு. 1992ஆம் ஆண்டு இறுவட்டொன்றைப் பழைய கடையில் வாங்கி, எளிய ஹெட்போனிற் கேட்கும் மாணவன், பிழை திருத்தப்படாத முதற்பதிப்பைப் பெரும் பொருள் கொடுத்து வாங்கியவரினும் டேவிஸின் குழுவினர் வாசித்த சுருதிக்கு அணித்தாக நிற்கிறான்.

கலித்தொகையை 1887இல் பதிப்பித்த சி. வை. தாமோதரம்பிள்ளை, தமக்குக் கிடைத்த ஏடுகளின் நிலையைத் தம் பதிப்புரைகளில் விரித்துரைத்தார். கற்போர் பதிப்பை நம்புவதற்கும், வேண்டுமிடத்து ஐயுறுவதற்கும் அவ்வுரைகள் வழிசெய்தன. எந்நாடா, எத்தனையாவது படி, எவ்வேகம், யாருடைய கலவை, உரப்பு எவ்வளவு மாற்றப்பட்டது என்பவற்றைக் கூறும் பதிப்புரையொன்று ஒவ்வோர் இசைத்தொகுப்பின் மீள்பதிப்புக்கும் வேண்டும். முந்திய பதிப்புகளும் அதனருகே கிடைத்தல் வேண்டும். சில பதிப்புகள் இவற்றை ஓரளவு தருகின்றன, பல தருவதில்லை. அவை கேட்கப்படாதவரை தரப்படப் போவதுமில்லை. ஆகவே உறையின் மீது அச்சிட்ட எண்ணைப் படிப்பதோடு அமையாது, அவ்வெண்ணுக்குப் பின்னால் நிற்கும் நாடாவைப் பற்றியும் பதிப்பாளனைப் பற்றியும் வினவும் பழக்கம் கேட்போரிடையே வளர்தல் அவசியமாகும்.